கானெட்டோ ஷின்டோ: ஆர்ட் டிபார்ட்மென்டில் கற்ற திரைக்கதை

நிழல்கூத்து எழுதியது:

ஜப்பானிய இயக்குநரும் திரைக்கதையாசிரியருமான கானெட்டோ ஷின்டோ என்றதும் எல்லோரும் 'நேக்கட் ஐலண்ட்' (1960), 'ஒனிபாபா' (1964) பற்றிப் பேசத் தொடங்குகிறோம். இயக்குநர் ஆவதற்கு முன்பு அவர் பிலிம் கழுவும் லேபிலும் செட் போடும் ஆர்ட் டிபார்ட்மென்டிலும் வேலை பார்த்தார் என்பது ஒரு வரியில் முடிந்துவிடுகிறது, ஏதோ திரைக்கதை வாய்ப்பு வரும்வரை ஒதுங்கி நின்ற இடம் மாதிரி. எனக்கு இதில் உடன்பாடில்லை. அவருடைய திரைக்கதைக் கட்டுமானம் முழுக்க அங்கிருந்து வந்தது என்பது என் வாதம்.

தகவல்களை முதலில் வைக்கிறேன். பிறப்பு 1912, ஹிரோஷிமா மாகாணம். நிலபுலன் இருந்த குடும்பம், கடனுக்கு ஜாமீன் நின்று எல்லாவற்றையும் இழந்தது. 1933-ல் இயக்குநர் சதாவோ யமனாகாவின் ஒரு படத்தைப் பார்த்துவிட்டு சினிமாவுக்குப் போவதென்று முடிவெடுக்கிறார். 1934-ல் கியோட்டோ. ஷின்கோ கினேமா ஸ்டுடியோவில் கிடைத்த வேலை பிலிம் கழுவும் பிரிவில். லைட்டிங் பிரிவுக்கு உயரம் போதவில்லை என்று இங்கே அனுப்பினார்கள்.

200 அடி நீளத் துண்டுகளாக வரும் பிலிமை, 3 மீட்டர் நீளமும் 2 மீட்டர் உயரமும் உள்ள உருளைச் சட்டத்தில் சுற்றிக் காயவைக்க வேண்டும். அந்த ஸ்டுடியோவில் பழைய திரைக்கதைத் தாள்களைக் கழிப்பறையில் துடைக்கப் போட்டு வைத்திருந்தார்கள். படம் என்பது எழுதப்பட்ட ஒன்றிலிருந்து வருகிறது என்பதே அவருக்கு அங்கேதான் தெரிகிறது. தாள்களை எடுத்துப்போய்ப் படிக்கிறார், மறுநாள் தான் காயவைக்கும் துண்டோடு ஒப்பிடுகிறார்.

1935 நவம்பரில் கம்பெனி டோக்கியோவுக்கு மாறியபோது, கியோட்டோவை விட்டு வர மனமில்லாத ஒருவர் தன் இடத்தை இவருக்குக் கொடுத்தார். படம் வரையத் தெரியும் என்பதால் ஹிரோஷி மிசுதானியின் ஆர்ட் டிபார்ட்மென்டில் சேர்த்துக்கொண்டார்கள். இது 'ஒதுங்கி நின்ற இடம்' தானா?

ஒற்றைரீல் எழுதியது:

அந்த 200 அடியைக் கொஞ்சம் கணக்குப் போட்டுப் பார்க்கலாம், விஷயம் அங்கேதான் இருக்கிறது. 35 எம்எம் பிலிமில் ஓர் அடிக்கு 16 ஃப்ரேம். 200 அடி என்றால் 3,200 ஃப்ரேம். பேசும் பட வேகமான நொடிக்கு 24 ஃப்ரேமில் ஓட்டினால் 2 நிமிடம் 13 நொடி.

ஜப்பானில் திரைக்கதை எழுதும் தாள் கட்டம் போட்டது. ஒரு வரிசைக்கு 20 எழுத்து, 10 வரிசை, ஆக 200 எழுத்து. 'பெரா' என்பார்கள். ஒரு பெரா சுமார் 30 நொடி என்பது தொழிலில் பழகிய கணக்கு. இரண்டு மணி நேரப் படத்துக்கு 240 பெரா வரும். அப்படியானால் ஷின்டோ கையில் சுற்றிய ஒவ்வொரு துண்டும் ஏறக்குறைய நாலரைத் தாள்.

எழுதுகிறவர்களுக்குப் பெரும்பாலும் தாள் தெரியும், நேரம் தெரியாது. எடிட்டருக்கு நேரம் தெரியும், தாள் கைக்கு வராது. 'இந்த வசனம் சட்டத்தில் இத்தனை சுற்று' என்று உடம்பால் தெரிந்துகொள்ள லேப் நல்ல இடம். பின்னாளில் 200-க்கும் மேற்பட்ட திரைக்கதைகளை அவர் எழுதித் தள்ளிய வேகத்துக்கு இந்த அளவுணர்ச்சி ஒரு முக்கியக் காரணம் என்று நினைக்கிறேன்.

செட்சாமான் எழுதியது:

லேபை விட ஆர்ட் டிபார்ட்மென்ட் பெரிய பள்ளிக்கூடம். அன்று லொக்கேஷன் பார்க்கப் போகும்போது கேமரா கொண்டுபோவது குறைவு, வரைகிறவனைத்தான் அழைத்துப்போவார்கள். ஷின்டோ செய்த வேலை அது.

லொக்கேஷன் ஸ்கெட்ச் என்பது அழகுக்காக வரைவதல்ல. எது கிழக்கு, எத்தனை மணிக்கு எந்தச் சுவரில் வெயில் விழும், வாசலிலிருந்து கிணறு எத்தனை எட்டு, எந்தத் தந்திக் கம்பம் ஃப்ரேமுக்குள் வந்து கெடுக்கும், சாமான் வண்டி எதுவரை போகும், இவ்வளவும் தாளில் இருக்க வேண்டும். ஃபோட்டோவில் எல்லாம் தானாக வந்து விழுந்துவிடும். வரையும்போது எது வேண்டும், எது வேண்டாம் என்று ஒவ்வொரு கோட்டுக்கும் முடிவெடுத்தாக வேண்டும். திரைக்கதையின் காட்சி விவரிப்பும் இதே வேலைதான்.

அடுத்தது இயக்குநர் மிசோகுச்சியின் '47 ரோனின்' படம். முதல் பாகம் 1941 டிசம்பர், இரண்டாம் பாகம் 1942 பிப்ரவரி. கலை இயக்கம் மிசுதானி, கட்டுமான மேற்பார்வை ஷின்டோ. திரைக்கதை இவருடையதல்ல. எடோ (இன்றைய டோக்கியோ) கோட்டைக்குள் இருந்த பைன்மர ஓவியத் தாழ்வாரத்தை நிஜ அளவில் கட்டினார்கள். மூல அரண்மனை 1863 தீயில் போய்விட்டது, வரைபடங்களை நம்பித்தான் கட்ட வேண்டும். அந்தத் தாழ்வாரம் சுமார் 50 மீட்டர் நீளம், 4 மீட்டர் அகலம்.

ஏன் நிஜ அளவு? சாதாரணமாக இவ்வளவு நீளத்தைக் கட்டமாட்டார்கள். பின்னே போகப் போகத் தூண்களைக் குட்டையாக்கி, இடைவெளியைக் குறுக்கி, கடைசியில் ஒரு வரைந்த திரையை மாட்டிவிட்டால் 15 மீட்டரில் 50 மீட்டர் தெரியும். ஆனால் கேமரா ஓரிடத்தில் நிற்கும்வரைதான் அந்த ஏமாற்று பலிக்கும். மிசோகுச்சி எடுப்பது நீண்ட ஷாட், கேமரா கிரேனில் முற்றத்தைக் கடந்து நகரும். நகர்ந்த மறுகணம் குட்டைத் தூண் குட்டையாகவே தெரிந்துவிடும், பின்னால் நடக்கும் நடிகர் கூரையை முட்டுவார். நீண்ட ஷாட் வேண்டுமென்றால் நீண்ட கட்டிடம் வேண்டும், வேறு வழியில்லை.

மரவேலை அளவில் ஒரு 'ஷாகு' 30.3 செ.மீ., ஆறு ஷாகு சேர்ந்தால் ஒரு 'கென்', அதாவது 1.818 மீட்டர். தரையில் பதிக்கும் ததாமி பாயின் அளவு ஊருக்கு ஊர் மாறும். கியோட்டோ பாய் சுமார் 191 x 95.5 செ.மீ., எடோ பாய் சுமார் 176 x 88 செ.மீ. நீளவாக்கில் பத்துப் பாய் விரித்தால் ஒன்றரை மீட்டர் வித்தியாசம். எந்த ஊர்ப் பாய் என்று தீர்மானிக்காமல் தூண் நட்டால், கடைசியில் பாய்க்கும் தூணுக்கும் நடுவே சந்து விழும். அதை மறைக்கப் பலகை வைத்தால், ஜப்பானிய வீடு தெரிந்த எவருக்கும் அது கண்ணை உறுத்தும்.

மரம் புதிதாகத் தெரிவது அடுத்த தலைவலி. மேற்பரப்பைத் தீயில் லேசாகக் கருக்கி, கம்பி பிரஷால் தேய்த்தால் மென்மையான பகுதி உதிர்ந்து ரேகை மேலெழும். பிறகு துடைத்துச் சாயம். கறுப்பு-வெள்ளையில் இன்னொரு சிக்கல்: சிவப்பும் பச்சையும் ஒரே வெளிச்ச அளவில் இருந்தால் இரண்டும் ஒரே சாம்பல் நிறமாகிவிடும். பச்சைப் பைனும் அதன் பின்னணியும் ஒன்றோடொன்று கலக்காமலிருக்க, நிறத்தைப் பார்க்காமல் வெளிச்சத்தின் ஏற்ற இறக்கத்தைப் பார்த்துத் தீட்ட வேண்டும்.

இதையெல்லாம் நின்று பார்த்து வாங்கியவன், பிறகு 'ஓர் அரண்மனை' என்று ஒற்றைச் சொல்லில் எழுதிவிட்டுப் போகமாட்டான்.

கரிக்கோல் எழுதியது:

செட்சாமான் ஐயா, தாழ்வார விளக்கம் அருமை. ஆனால் வாதத்தில் ஓட்டை இருக்கிறது. ஆர்ட் டிபார்ட்மென்டில் இருந்த எல்லோரும் ஷின்டோ ஆகவில்லையே. அங்கே பலருக்கும் இயக்குநர் கனவு இருந்தது, மிசுதானி உட்பட. அந்தக் கூட்டத்தில் தனக்கு இடம் கிடைக்காது, எழுத்துப் பக்கம் போனால் வழி இருக்கிறது என்று கணக்குப் போட்டுத்தான் ஷின்டோ எழுதவே வந்தார்.

வந்தவுடன் எழுதவும் வரவில்லை. மாதச் சம்பளம் 25 யென் வாங்கிய காலத்தில், அணை கட்டியதால் நிலம் இழந்த விவசாயியைப் பற்றி எழுதிய திரைக்கதைக்கு ஒரு பத்திரிகைப் போட்டியில் 100 யென் பரிசு வாங்கினார். படமாகவில்லை. மிசோகுச்சியிடம் கொடுத்தபோது, உனக்குத் திரைக்கதை எழுதும் திறமை இல்லை என்று சொல்லிவிட்டார். இது கதைதான், திரைக்கதை அல்ல என்பது அவர் சொன்னதன் சாரம். அப்போது ஷின்டோ ஆர்ட் டிபார்ட்மென்டில் பல வருடம் கழித்துவிட்டவர். செட் அனுபவமே திரைக்கதையைக் கற்றுத் தந்திருந்தால் அந்தத் திரைக்கதை தேறியிருக்க வேண்டும்.

அதன் பிறகு அவர் செய்தது நாடகம் படித்தது. நவீன நாடகத் தொகுப்பு வரிசையை எடுத்து வைத்துக்கொண்டு விடாமல் படித்தார். ஒரு காட்சிக்குள் இரண்டு பேர் எதிரெதிர் விருப்பத்தோடு நுழைந்து, வெளியே போகும்போது நிலைமை மாறியிருக்க வேண்டும் என்கிற கட்டுமானம் நாடகத்திலிருந்து வருவது. தூண் இடைவெளி எவ்வளவு சரியாக இருந்தாலும் அதைத் தராது. 1947-ல் யோஷிமுரா இயக்கிய 'அஞ்சோ வீட்டு நடன விருந்து' திரைக்கதையில் செகாவின் 'செர்ரித் தோட்டம்' நாடகம் தெளிவாகத் தெரிகிறது. ஷின்டோவுக்குப் பெயர் வாங்கித் தந்ததும் அந்தப் படம்தான்.

நிழல்கூத்து எழுதியது:

கரிக்கோல், நாடகப் பங்கை மறுக்கவில்லை. ஆனால் அதே படத்தையே எடுத்துக்கொள்வோம். போருக்குப் பின் சொத்திழக்கும் பிரபுக் குடும்பம். ஒரே மாளிகை, ஓரிரவு விருந்து. செகாவிடமிருந்து நிலைமையை எடுத்தார், சரி. அந்த நிலைமையை ஒரு கூடம், ஒரு மாடிப்படி, சில அறைகள் என்று பிரித்து, யார் எந்த அறையிலிருந்து எந்த அறைக்கு எப்போது போகிறார் என்று ஓட்டியது யார்? அது செட் வரைபடத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு எழுதுகிறவனின் வேலை. 1947-ல் ஜப்பானில் மரத்துக்கும் ஆணிக்கும் தட்டுப்பாடு. ஒரு பெரிய செட்டைக் கட்டி, அதையே படம் முழுக்க உழுவது தொழிலறிவு.

இன்னும் பச்சையான சாட்சி 1962-ல் யூசோ கவாஷிமா இயக்கிய 'எலிகன்ட் பீஸ்ட்'. திரைக்கதை ஷின்டோ. கிட்டத்தட்ட முழுப் படமும் அடுக்குமாடிக் குடியிருப்பின் ஒரே சின்ன வீட்டுக்குள். விருந்தாளி வந்தால் குடும்பத்தினர் அடுத்த அறையில் ஒளிந்துகொண்டு கேட்கிறார்கள், நடுவே ஒரு தள்ளுகதவுதான். எந்தப் பக்கத்துச் சுவரைக் கழற்றினால் எங்கிருந்து எட்டிப் பார்க்கலாம் என்பது தெரியாமல் அந்தத் திரைக்கதையை எழுதவே முடியாது.

மிசோகுச்சி திருப்பிக் கொடுத்த விஷயத்தில் நீங்கள் சொல்வது சரி. நாடகம் இல்லாமல் செட் அறிவு மட்டும் போதாது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் நாடகம் படித்த மற்ற எழுத்தாளர்களிடம் இல்லாத ஒன்று இவரிடம் இருந்தது அல்லவா? அதைப் பற்றியதுதான் என் வாதம்.

மஞ்சள்பென்சில் எழுதியது:

அண்ணன்மார்களுக்கு வணக்கம். செட் தெரிந்தவர் எழுதினால் திரைக்கதையில் நடைமுறையாக என்ன மாறும்? எழுதும்போதே எதைக் கணக்கில் எடுப்பார்கள்? 'ஒனிபாபா'வை வைத்துச் சொன்னால் நன்றாக இருக்கும், அதை மட்டும்தான் பார்த்திருக்கிறேன்.

செட்சாமான் எழுதியது:

நல்ல கேள்வி தம்பி. முதலில் ஜப்பானிய திரைக்கதையின் வடிவம். காட்சித் தலைப்பில் இடம், தேவைப்பட்டால் நேரம். அதன் கீழே மூன்று எழுத்து உள்தள்ளிச் செயல் விவரிப்பு. பிறகு பெயரும் வசனமும். உள்ளே போவதற்கு முன்பு 'பெட்டி எழுத்து' என்று ஒன்று செய்வார்கள்: காட்சிக்கொரு பெட்டி போட்டு, இடம், யார், என்ன நடக்கிறது என்பதை மட்டும் ஓரிரு வரியில். ஆர்ட் டிபார்ட்மென்ட் ஆள் அந்தப் பெட்டிகளைப் பார்த்ததும் முதலில் எண்ணுவது காட்சிகளை அல்ல, இடங்களை. 90 காட்சி இருந்தாலும் 6 இடம் என்றால் செலவு 6 இடத்துக்குத்தான். 40 காட்சி 30 இடத்தில் என்றால் தயாரிப்பாளருக்குக் கஷ்டகாலம்.

'ஒனிபாபா'வை எண்ணிப் பார். மாமியாரும் மருமகளும் இருக்கும் குடிசை, பக்கத்தில் வாழும் ஹாச்சியின் குடிசை, சாமான் வாங்குகிறவனின் குகை, குழி, ஆற்றங்கரை. மற்றதெல்லாம் ஆளுயரத்தை மீறிய நாணல் புல். ஆக இரண்டு குடிசை கட்டினால் போதும். மிச்சச் செட்டை, படம் எடுத்த இன்பா சதுப்பு நிலம் இலவசமாகக் கொடுத்துவிட்டது. ஆனால் குடிசைகளுக்கு நடுவே உள்ள தூரம் கதையாகிவிட்டது. மருமகள் இரவில் ஹாச்சியிடம் ஓடுவதும், மாமியார் வழிமறிப்பதும் அந்தத் தூரத்தில்தான். இடைவெளியை எழுதத் தெரிவது என்று இதைத்தான் சொல்வேன்.

இலவசம் என்றாலும் சதுப்பு நிலம் சும்மா விடாது. கதைக்கு ஆழமான குழி வேண்டும். சதுப்பில் கொஞ்சம் தோண்டினாலே தண்ணீர் ஊறி நிரம்பிவிடும். அதனால் சில ஷாட்டுகளுக்குத் தரைக்கு மேலே சாரம் கட்டிக் குழியைச் செயற்கையாக எழுப்பினார்கள். கேமராவுக்கு மேல் எது கீழ் எது என்று தெரியாது, விளிம்பும் சுவரும் இருந்தால் போதும். புல்லுக்குள் இரவுக் காட்சி எடுக்கும்போது இயல்பான வெளிச்சம் நுழையாமல் திரை கட்டி மறைத்தார்கள். ஆட்கள் தங்க அங்கேயே தற்காலிகக் கொட்டகை. பாதியில் விட்டுப் போனால் சம்பளம் கிடையாது என்ற விதியும் இருந்தது, அவ்வளவு சிரமமான இடம்.

புல்லில் இன்னொரு ஆபத்து கன்டினியூட்டி, அதாவது ஒரு ஷாட்டும் அடுத்த ஷாட்டும் பொருந்துவது. ஆள் ஓடிய தடத்தில் புல் சாய்ந்தால் அன்றைக்கு நிமிராது. ஆகவே மிதிபடாத புல் வேண்டிய தூர ஷாட்டுகளை முதலில் எடுத்துவிட்டு, ஓட்டங்களைப் பிறகு, சண்டையைக் கடைசியில் என்று வரிசை போட வேண்டும். காட்சி வரிசைப்படி எடுக்கப் போனால் மூன்றாம் நாள் புல்வெளி மாட்டுக் கொட்டில் மாதிரி ஆகிவிடும்.

எழுதும்போது நீ செய்ய வேண்டியது: பெட்டி போட்டு முடித்ததும், ஒரே இடத்தில் நடப்பவற்றை வேறொரு தாளில் ஒன்றாகச் சேர். ஒரே ஒரு காட்சிக்காக மட்டும் வரும் இடங்களுக்குக் கீழே கோடிடு. அவை ஒவ்வொன்றையும் வேறு இடத்துக்கு மாற்ற முடியுமா என்று பார், மாற்றும்போது காட்சி பெரும்பாலும் இறுகும். 'பகல்', 'இரவு' என்று தலைப்பில் மாற்றுவது உனக்கு ஒரு சொல். செட்டில் அது ஜன்னலுக்கு வெளியே உள்ள திரை, விளக்கு, நிழல் எல்லாவற்றையும் மாற்றும் அரை நாள் வேலை. தேவை இருந்தால் மட்டும் மாற்று.

ஒற்றைரீல் எழுதியது:

செட்சாமான் சொன்னதற்கு ஒரு எச்சரிக்கை. நான் மேலே எழுதிய பெரா கணக்கு 'நேக்கட் ஐலண்ட்' மாதிரிப் படத்தில் உதைக்கும். 96 நிமிடம், வசனமே கிடையாது. ஹிரோஷிமா மாகாணக் கடலில் உள்ள சுக்குனே என்ற குட்டித் தீவில், 13 பேர் கொண்ட குழுவோடு எடுத்தது. ஷின்டோவின் சொந்தக் கம்பெனி மூழ்கும் நிலையில் இதுதான் கடைசிப் படம் என்று எடுத்தார்கள். 1961-ல் மாஸ்கோ திரைப்பட விழாவில் கிராண்ட் பிரி கிடைத்து, பல நாடுகளுக்கு விற்று, கம்பெனி தப்பியது.

அதில் 'தண்ணீர் சுமந்து மேட்டில் ஏறுகிறாள்' என்று எழுதினால் தாளில் ஒரு வரி. திரையில் இரண்டு நிமிடம் போகலாம். செயல் மட்டுமே உள்ள திரைக்கதையில் தாளை எண்ணக்கூடாது, செயலைத் துண்டாக்கி எண்ண வேண்டும். படகைக் கட்டுவது, காவடித்தண்டைத் தோளில் ஏற்றுவது, முதல் வளைவு, கால் வழுக்கும் இடம், வயல், ஒரு செடிக்கு ஒரு கரண்டி. ஒவ்வொன்றுக்கும் நொடிக் கணக்கு. இதற்கு மேட்டின் சரிவு எவ்வளவு, எத்தனை எட்டு என்று தெரிந்திருக்க வேண்டும், பழைய லொக்கேஷன் ஸ்கெட்ச் வேலை அங்கே திரும்ப வருகிறது. மனைவியும் கணவனுமாக நடித்த நொபுகோ ஒதோவாவும் தைஜி தொனோயாமாவும் வாளியில் நிஜமாகவே கனமான தண்ணீரைச் சுமந்தார்கள். காலி வாளி என்றால் தண்டு வளையாது, நடை பொய்யாகும்.

ஒரு முறை மனைவி வாளியைக் கவிழ்த்துவிடுகிறாள், கணவன் அறைகிறான். வசனப் படத்தில் அந்த அறைக்கு முன்னால் நாலு காட்சி சண்டை தேவைப்பட்டிருக்கும். இங்கே அதுவரை நாம் பார்த்த ஏற்றங்கள் போதும், ஒரு வாளியின் விலை பார்ப்பவருக்கே தெரிந்துவிட்டது.

கரிக்கோல் எழுதியது:

இந்தக் கடைசிப் பத்திக்கு நான் தலைவணங்குகிறேன். ஆனால் ஒன்றைச் சேர்க்க வேண்டும், பணம். 1950-ல் ஷின்டோ, யோஷிமுரா, தொனோயாமா சேர்ந்து கிந்தாய் எய்கா கியோகாய் என்ற சுயாதீன நிறுவனம் தொடங்கினார்கள். 1951-ல் ஷின்டோவின் முதல் இயக்கம், காசநோயில் 1943-ல் இறந்த தன் துணைவியைப் பற்றியது. மிசோகுச்சி திருப்பிக் கொடுத்த நிகழ்ச்சி அதில் வருகிறது. சொந்தப் படங்களோடு பெரிய ஸ்டுடியோக்களுக்கும் எழுதிக்கொண்டே இருந்தார். மசுமுராவுக்கு 'மான்ஜி' (1964), 'இரெசுமி' (1966), செய்ஜுன் சுசுகிக்கு 'ஃபைட்டிங் எலிஜி' (1966), பின்னால் 'ஹாச்சிகோ' (1987) என்று பட்டியல் நீளம்.

அடுத்தவருக்கு எழுதும்போது அவர் நாவலைச் சுருக்கும் முறையும் கவனிக்க வேண்டியது. பாத்திரங்களின் மனத்துக்குள் நடப்பதை அப்படியே வசனமாக்காமல், யார் எந்த அறையில், யார் வெளியே என்று மாற்றிவிடுவார். நிழல்கூத்து சொன்ன தள்ளுகதவு அங்கேயும் வேலை செய்கிறது. இந்த இடத்தில் உங்கள் வாதத்துக்கு நான் பாதி வழி வந்துவிட்டேன்.

வராத மீதிப் பாதி: போர். 1944 ஏப்ரலில் கடற்படையில் சேர்க்கப்பட்டார். அவரோடு இருந்த 100 பேரில், சீட்டுக் குலுக்கி ஒவ்வொரு தொகுதியாகப் பணிக்கு அனுப்பி, கடைசியில் உயிரோடு மிஞ்சியது 6 பேர். 98 வயதில் எடுத்த கடைசிப் படமான 'போஸ்ட்கார்டு' அந்தக் குலுக்கலிலிருந்து வந்தது. என்ன எழுத வேண்டும் என்பதை அவருக்குக் கொடுத்தது ஸ்டுடியோ அல்ல.

நிழல்கூத்து எழுதியது:

என்ன எழுதுவது என்பதில் மறுப்பே இல்லை. ஹிரோஷிமாக்காரர் 1952-லேயே 'சில்ட்ரன் ஆஃப் ஹிரோஷிமா' எடுத்தார், அதற்கு எந்த செட் அனுபவமும் காரணமில்லை. எப்படி எழுதுவது என்பதைப் பற்றித்தான் என் வாதம்.

மஞ்சள்பென்சில் எழுதியது:

ரொம்ப நன்றி. பயிற்சிக்காகப் பார்ப்பதென்றால் எந்த வரிசையில் பார்க்கலாம்?

செட்சாமான் எழுதியது:

'எலிகன்ட் பீஸ்ட்' முதலில். ஒரு முறை கதைக்காகப் பார். இரண்டாம் முறை கையில் தாளை வைத்துக்கொண்டு வீட்டின் தரைப்படத்தை வரை: கதவு, ஜன்னல், அலமாரி. ததாமி பாய்தான் அளவுகோல், ஒரு பாய்க்கு ஒரு கட்டம் என்று வை. ஒவ்வொரு ஷாட்டுக்கும் கேமரா நின்ற இடத்தில் புள்ளி வை. சில புள்ளிகள் சுவருக்கு வெளியே விழும், அவைதான் கழற்றிய சுவர்கள்.

அடுத்து 'நேக்கட் ஐலண்ட்'. ஒற்றைரீல் சொன்னபடி ஒரே ஒரு தண்ணீர்ப் பயணத்தை மட்டும் ஸ்டாப்வாட்ச் வைத்துத் துண்டு துண்டாக எழுது. பிறகு அதே பயணம் படத்தில் மறுபடி வரும்போது எந்தத் துண்டுகளை விட்டுவிட்டார்கள் என்று பார்.

'47 ரோனின்' இரண்டு பாகமும் சேர்ந்து மூன்றரை மணி நேரத்துக்கு மேல். பயிற்சிக்குத் தொடக்கத் தாழ்வாரக் காட்சி மட்டும் போதும். கேமரா நகர ஆரம்பித்ததும் பின்னால் உள்ள தூண்களை எண்ணு, நடிகர்களைப் பார்க்காதே.